முக்கால் என்றால் எதில் முக்கால்?

அன்புள்ள வாலுக்கு,

நீ நலமாக இருப்பாய் என்று நம்பி எழுதுகிறேன். இங்கே நானும் நலம், உன் அப்பாவும் நலம், என் சமையலறைதான் நலமாக இல்லை. போனில் சொல்லலாம் என்றால் அப்பா பேச்சை எடுத்த உடனே "ஆர்டர் வந்துடுச்சும்மா, அப்புறம் பேசறேன்" என்று வைத்துவிடுகிறாய். கடிதத்தை அப்படிப் பாதியில் வைக்க முடியாது பார், அதனால்தான் பேனாவை எடுத்தேன். முழுக்கப் படி.

ஓட்டலில் செய்கிற மாதிரி காய்கறி நூடுல்ஸை வீட்டில் எப்படிச் செய்வது என்று போன மாதம் உன்னிடம் கேட்டேன் அல்லவா, நீயும் "என்னம்மா திடீர்னு" என்று சிரித்துக்கொண்டே சொன்னாய். கேட்டது நான் இல்லை. எனக்கு எதற்கு இந்த வயதில் நூடுல்ஸ், கேட்கச் சொல்லிக் கண்ணைக் காட்டியது உன் அப்பா. ஆமாம், அதே அப்பாதான். நீ கணக்கு வேலையை விட்டுவிட்டு ஓட்டல் சமையலுக்குப் போகிறேன் என்றபோது "நூடுல்ஸ் கிண்டவா உன்னைப் படிக்க வச்சேன்" என்று வீடே அதிரக் கத்தினாரே, நீயும் பெட்டியைத் தூக்கிக்கொண்டு போனவள் போனவள்தான் என்று இன்றுவரை அவரோடு ஒரு வார்த்தை பேசாமல் இருக்கிறாயே, அந்த மனுஷர்தான் இப்போது பேப்பரைக்கூடப் பிரிக்காமல் அடுப்படியில் நிற்கிறார்.

முதல் நாள் கூத்தைக் கேள். கேட்கச் சொன்னாரே தவிர, உன் குரல் வந்ததும் ரோஷம் வந்து மாடிக்குப் போய்விட்டார். நீ சொன்னதை நான்தான் அவரிடம் ஒப்பிக்க வேண்டும். முக்கால் வேக்காட்டில் எடுத்துவிட வேண்டும் என்று நீ சொன்னாய், நான் கடைக்குக் கிளம்புகிற அவசரத்தில் செருப்பை மாட்டிக்கொண்டே "முக்கால் வேகணுமாம்" என்று சொல்லிவிட்டுப் போனேன். திரும்பி வந்து பார்த்தால் மனுஷர் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு முக்கால் மணி நேரம் வேகவைத்திருக்கிறார்! பாத்திரத்தில் இருந்தது நூடுல்ஸ் இல்லை, சுவரொட்டி ஒட்டுகிற பசை. "ஏங்க இப்படி" என்றால் "முக்கால்னா எதுல முக்கால்? அளவு சொல்ல வேண்டாமா?" என்று என்மேல் பாய்கிறார். ஆயுசு முழுக்கக் கட்டட வரைபடம் போட்டவர், அளவு இல்லாமல் அவருக்கு எதுவும் ஓடாது. முழுசா வேகறதுக்குக் கொஞ்சம் முன்னாடி எடுக்கணும் என்றால் "எவ்வளவு முன்னாடி?" என்கிறார். நான் எங்கே போய் முட்டிக்கொள்வது?

அதற்கப்புறம் காய் வெட்டின கதை. கேரட்டையும் பீன்ஸையும் மெல்லிசாக நீளநீளமாக வெட்டணும் என்று நீ சொன்னதற்கு மேஜை டிராயரில் கிடந்த இரும்பு ஸ்கேலை எடுத்துக் கழுவிக்கொண்டு வந்தார். ஒவ்வொரு துண்டாக வைத்து அளக்கிறார், நீளம் தப்பினதையெல்லாம் என் தலையில் கட்டுகிறார், வாரம் பூரா நான் கேரட் பொரியல்தான் தின்கிறேன். அடுப்பைப் பெரிசாக வைத்து, மூடாமல், கொஞ்சம் கொஞ்சமாகப் போட்டு வதக்கணும் என்று படித்துப் படித்துச் சொன்னேன். கேஸ் வீணாகிறது என்று தட்டைப் போட்டு மூடிவிட்டார். கோஸ் தண்ணீர் விட்டு, குடைமிளகாய் குழைந்து, சோயா சாஸையும் ஊற்றினதும் சாக்கடை நிறத்தில் ஒரு சாறு. அதையும் "பரவாயில்லையே" என்று அவரே சாப்பிட்டார், எனக்குத்தான் பார்க்கச் சகிக்கவில்லை.

இப்போது என்னிடம் சொல்லாமல் ஒரு பெரிய இரும்புச் சட்டியும் வாங்கி வந்துவிட்டார். அதைத் தூக்கிப் போட்டுப் பிடிக்கப் பழகவேண்டுமாம், அதற்காக ஈரத்துண்டை உள்ளே போட்டு மொட்டை மாடியில் நின்று வீசுகிறார். துண்டு இரண்டு தரம் தெருவில் விழுந்தது. எதிர்வீட்டுத் தையல்காரர் துண்டைக் கொண்டுவந்து கொடுத்துவிட்டு "அக்கா, அண்ணனுக்கு ஒண்ணும் இல்லையே?" என்று மெதுவாக விசாரிக்கிறார். என் மானம் போகிறது.

இதில் நடுவில் மாட்டிக்கொண்டு முழிப்பது நான். அவருக்குச் சந்தேகம் வந்தால் "உன் பொண்ணுகிட்ட கேளு" என்கிறார். நீ போன் செய்தால் "உன் வீட்டுக்காரர் எப்படி இருக்கார்" என்கிறாய். நீ எனக்கு மட்டும் பொண்ணு, அவர் எனக்கு மட்டும் வீட்டுக்காரர், உங்கள் இருவருக்கும் ஒருவருக்கொருவர் ஒன்றுமே இல்லை, அப்படித்தானே? பிடிவாதத்தில் அப்படியே அவரை உரித்து வைத்திருக்கிறாய், இதைச் சொன்னால் இரண்டு பேருக்கும் கோபம் வரும்.

போன செவ்வாய்க்கிழமை எண்ணெய் தெறித்து அவருக்கு மணிக்கட்டில் கொப்புளம் வந்துவிட்டது. நான் மருந்து தடவிக்கொண்டே திட்டிக்கொண்டிருந்தேன், அவர் மணிக்கட்டையே திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தார். அப்புறம் "அவ அனுப்பின போட்டோவில இதே இடத்துல ஒரு தழும்பு இருந்துச்சு இல்ல" என்றார். நான் அந்தப் போட்டோவை நூறு தரம் பார்த்திருக்கிறேன், எனக்கு அது கண்ணில் படவே இல்லை. மறுநாள் தையல்காரர் மறுபடி துண்டோடு வந்து, "சும்மா கிண்டி எறக்குறதுக்கு எதுக்குண்ணே இவ்வளவு பாடு?" என்று கேட்டார். உன் அப்பாவுக்கு வந்ததே கோபம். "சும்மா கிண்டறதா? என் பொண்ணு பெரிய ஓட்டல்ல இதைத்தான் செய்யறா, நீங்க ஒரு தட்டு செஞ்சு காட்டுங்க பார்ப்போம்" என்று பிடித்துக்கொண்டார். என் பொண்ணு என்றார். நான் கதவுக்குப் பின்னால் நின்று அழுதுவிட்டேன். உடனே அடுப்பில் ஏதோ தீய்ந்த வாசனை வந்தது, கண்ணைத் துடைத்துக்கொண்டு ஓடினேன்.

இப்போது நூடுல்ஸ் ஒட்டாமல் உதிரியாக வருகிறது, காய் நறுக்கென்று இருக்கிறது. ஓட்டலில் வருகிற அந்தப் புகைந்த வாசனை மட்டும் வரவில்லையாம். "உன் பொண்ணுகிட்ட கேளு" என்று என்னை அரித்தெடுக்கிறார். நான் கேட்கப் போவதில்லை. நீ என்னிடம் சொன்னாலும் அவரிடம் சொல்லமாட்டேன், சத்தியமாகச் சொல்லமாட்டேன். முக்காலை முக்கால் மணி ஆக்கின வாய் இது, இதை நம்பாதே.

நின்றபடி சாப்பிடாதே, வழுக்காத செருப்பாகப் பார்த்துப் போட்டுக்கொள், அந்தத் தழும்புக்கு ஏதாவது தடவு. நீ எடுக்கிற சட்டியெல்லாம் உன் கைக்கு அடங்கி, நீ நீண்ட ஆயுளோடும் நிறைந்த மனதோடும் இருக்க வேண்டும். ஒன்றை மறந்துவிடாதே, ஞாயிற்றுக்கிழமை காலையில் வீட்டுப் போன் அடித்தால் நான் எடுக்கமாட்டேன். மாடியில் துணி காயப்போட்டுக்கொண்டிருப்பேன், காயப்போடத் துணி இல்லாவிட்டாலும்.

இப்படிக்கு,
உங்கள் இருவருக்கும் நடுவில் நின்று கால் கடுத்துப்போன
அம்மா