கோட்டைக்கு அடியில் உழவுசால்

ரொறன்ரோவின் மல்வேர்ன் நூலகத்தில் கழித்துவிட்ட புத்தகங்களை ஒரு தள்ளுவண்டியில் அடுக்கி வாசலில் விட்டிருந்தார்கள், விரும்பியவர் எடுத்துப் போகலாம் என்று. சமையல் புத்தகம் ஏதும் அகப்படுமா என்று கிளறினேன். அகப்பட்டது நீர் ஓயாமல் இரவல் எடுத்த உம்முடைய புத்தகம். ரோமானியர் தங்கள் எல்லைகளில் கட்டிய கோட்டைகளைப் பற்றியது. நடுப்பக்கத்தில் ஒரு கோட்டையின் வரைபடம். அதில் சிப்பாய்களின் குடியிருப்புக்கு மேல் மஞ்சளாக ஒரு பெருவிரல் அடையாளம். சோற்றுக் கோப்பைக்குப் பக்கத்தில் புத்தகம் இல்லாமல் நீர் சாப்பிட்டதை நான் கண்டதேயில்லை. நூலகத்துப் பெண் ஒருநாள் அந்தப் பக்கத்தை விரித்துக் காட்டிக் கேட்டபோது, "அது முந்தியே கிடந்தது" என்று துணிந்து பொய் சொல்லிவிட்டு, வெளியில் வந்து பஸ் தரிப்பிடத்தில் நின்று விழுந்து விழுந்து சிரித்தீர்.

வருகிற மாசியோடு நீர் கண்மூடி ஒரு வருடம். புத்தகத்தை வீட்டுக்குக் கொண்டுவந்துவிட்டேன்.

நாங்கள் சிநேகிதிகளானது நல்ல விதமாக இல்லை. தொண்ணூற்று மூன்றில், நகர நடுவில் ஒரு விசாரணை அறையில் முதன்முதல் உம்மைக் கண்டேன். நீர் அகதிக் கோரிக்கை வைத்தவர். நான் உமக்கும் விசாரிக்கும் அதிகாரிக்கும் இடையில் இருந்த மொழிபெயர்ப்பாளர். சொன்னதைச் சொன்னபடி சொல்வேன், கூட்டவும் மாட்டேன் குறைக்கவும் மாட்டேன் என்று சத்தியம் செய்துவிட்டு இருந்தேன். உமது வீடு எங்கே என்று அவர் கேட்டார். "காங்கேசன்துறைப் பக்கம். எங்கட வீடு காம்புக்குள்ளை" என்றீர். நான் அப்படியே ஆங்கிலத்தில் சொன்னேன்: எங்கள் வீடு இராணுவ முகாமுக்குள் இருக்கிறது. வீட்டில் வைத்துச் சிப்பாய்கள் உமக்கு ஏதும் செய்தார்களா என்று அடுத்துக் கேட்டார். "இல்லை, வீட்டிலை ஒண்டும் செய்யேல்லை" என்றீர். அதையும் சொன்னேன்.

யாழ்ப்பாணத்துச் சனம் யாரைக் கேட்டாலும் அந்த வசனத்தின் பொருள் தெரியும். ஆமி வந்து, ஊரைக் கிளப்பி, வீடுகளையும் தோட்டங்களையும் வளைத்து வேலி போட்டு, அதைக் காம்ப் ஆக்கிவிட்டது; வீடு உள்ளே, ஆட்கள் வெளியே. இவ்வளவும் அந்த ஒற்றைச் சொல்லுக்குள் கிடக்கிறது. ரொறன்ரோவில் பிறந்த ஒருவருக்கு அது எப்படித் தெரியும்?

மூன்று மாதம் கழித்து, நாங்கள் இருவரும் குடியிருந்த தொடர்மாடியின் கீழ்த்தளத்தில், உடுப்புத் தோய்க்கும் மெஷின்களுக்கு முன்னால் என்னை மறித்தீர். அதே கட்டடத்தில் நீர் ஏழாம் மாடியில் இருக்கிறீர் என்பது அதுவரை எனக்குத் தெரியாது.

"நீர் தானே அண்டைக்கு மொழிபெயர்த்தது? இந்தக் கடிதத்தை ஒருக்கால் வாசிச்சுச் சொல்லும். கேஸ் தோத்துப்போச்சுது எண்டு லோயர் சொல்லுறார். ஏனெண்டு எனக்கு விளங்கேல்லை."

வாசித்தேன். இவர் இராணுவ முகாமுக்குள் வாழ்ந்தவர், அங்கே இவருக்கு ஒரு தீங்கும் நேரவில்லை, ஆகவே திருப்பி அனுப்புவதில் ஆபத்து இல்லை என்று எழுதியிருந்தது. அதைத் தமிழில் சொன்னேன். சொல்லி முடித்ததும் நீர் ஏசுவீர் என்று நினைத்தேன். நீரோ, "அப்ப நானும் ஆமிக்காரி எண்டு நினைச்சிட்டினம் போல" என்றீர். பிறகு என் கூடையைப் பார்த்து, வெள்ளைச் சட்டையைச் சிவப்புச் சட்டையோடு போடாதையும் என்றீர்.

வழக்கறிஞர் மறுவிசாரணைக்கு விண்ணப்பித்தார். அதுவும் தோற்றால் உம்மை விமானம் ஏற்றிவிடுவார்கள். அந்தக் காத்திருப்புக் காலத்து ஞாயிறுகளில்தான் உமது அறைக்கு வரத் தொடங்கினேன். ஊரில் பதினொரு வருடம் உயர்தர வகுப்புக்குக் கிரேக்க உரோம நாகரிகம் படிப்பித்தவர் நீர். இங்கே பாண் சுடும் தொழிற்சாலையில் பெட்டி ஒட்டினீர். வாரம் முழுக்கப் பெட்டி, ஞாயிற்றுக்கிழமை ரோமானியர். கோட்டை எல்லாம் மூலை மழுங்கின சவர்க்காரக் கட்டி மாதிரி இருக்கும் என்று காட்டுவீர். நடுவில் தளபதியின் அலுவலகம், பக்கத்தில் ஈரம் ஏறாமல் தரையை உயர்த்திக் கட்டிய தானியக் களஞ்சியம், ஓர் அறைக்கு எட்டுச் சிப்பாய்கள். வாசலுக்கு வெளியே பெண்களும் பிள்ளைகளும் கடைக்காரரும் கூடிய ஒரு சிறு ஊர். "எட்டுப் பேர் ஒரு அறைக்கை! எங்கட பெடியங்கள் இஞ்சை பேஸ்மென்றிலை இருக்கிற மாதிரி" என்று நீரே சொல்லி நீரே சிரிப்பீர்.

பிரித்தானியாவின் வடக்கு எல்லைக்குச் சிரியாவிலிருந்து வில்லாளிகளைக் கொண்டுபோய் விட்டிருந்தார்களாம். வெளியே பனி கொட்டும்போதெல்லாம் அவர்களை நினைத்துப் பரிதாபப்படுவீர். அங்கே ஒரு கோட்டைச் சேற்றுக்குள் மெல்லிய மரத்துண்டுகளில் எழுதிய கடிதங்கள் உக்காமல் கிடந்தன என்றும், அதில் ஒன்று யாருக்கோ காலுறையும் உள்ளுடுப்பும் அனுப்பிய செய்தி என்றும் ஒருநாள் வாசித்தீர். "பாத்தீரே, எந்தப் பெரிய ராச்சியம் எண்டாலும் குளிருக்கு சொக்ஸ் வீட்டிலையிருந்து தான் வரவேணும்." அன்றைக்கு உமது காலில் இருந்ததும் நான் தந்த சொக்ஸ்தான்.

ஒரு ஞாயிறு மட்டும் நீர் சிரிக்கவில்லை. தேத்தண்ணி கூட ஊற்றாமல் புத்தகத்தை என் பக்கம் திருப்பினீர். கோட்டைச் சுவரை அகழ்ந்து, அதற்கும் கீழே போனபோது எடுத்த படம். அடிமண்ணில் ஏர் கீறிய வரிகள், குறுக்கும் நெடுக்குமாக.

"ஆரோ உழுத தோட்டம், அதுக்கு மேலை தானப்பா கோட்டையைக் கட்டியிருக்கிறாங்கள். உழுதவன் எங்கை போனான் எண்டு ஒருத்தரும் எழுதேல்லை." அந்த வரிகளை விரலால் தடவினீர். "நான் இவ்வளவு காலமும் கோட்டைக்கு உள்ளுக்கு நிண்டு தான் படிப்பிச்சனான். சுவர் எத்தினை அடி, வாசல் எத்தினை, களஞ்சியம் எங்கை. அடியிலை என்ன கிடந்தது எண்டு ஒரு பிள்ளையும் கேக்கேல்லை. நானும் சொல்லேல்லை."

அந்தப் பக்கத்தைப் போட்டோக்கொப்பி எடுக்க இருவரும் நூலகத்துக்குப் போனோம்.

இதற்கிடையில் வழக்கறிஞர் என்னிடம் ஒன்று கேட்டார். மொழிபெயர்ப்பில் பிழை விட்டேன் என்று நான் ஒரு சத்தியக் கடதாசி எழுதித் தரவேண்டும். தந்தால் பிறகு என்னை யார் விசாரணைக்குக் கூப்பிடுவார்கள்? நீர் ஒரு நாளும் கேட்கவில்லை. "விடும், உம்மட சோத்திலை மண் போடாதையும்" என்றுதான் சொன்னீர். இரண்டு கிழமை இழுத்தடித்தேன். உம்மைச் சந்திக்காமல் இருக்க லிப்டை விட்டுப் படியால் ஏறி இறங்கினேன். கடைசியில் போய்க் கையெழுத்து வைத்தேன்.

மறுவிசாரணைக்கு என்னை உள்ளே விடவில்லை. வெளி நடைக்கூடத்துக் கதிரையில் குந்திக்கொண்டிருந்தேன். உள்ளே நடந்ததைப் பஸ்ஸில் வரும்போது நீர்தான் சொன்னீர். இம்முறை அதிகாரி ஒரு பெண். அவருக்கு முன்னால் போட்டோக்கொப்பியை வைத்து, "இந்தக் கோட்டை தான் காம்ப். கீழை கிடக்கிற உழவு தான் எங்கட வீடு. என்னை மேலை தேடாதேங்கோ" என்றீராம். அவர் அந்தப் படத்தைக் கையில் எடுத்து நெடுநேரம் பார்த்தாராம். ஏழு கிழமையில் கடிதம் வந்தது. நீர் இங்கே இருக்கலாம். அன்றைக்கு நீர் சுட்ட வடையில் உப்பே இல்லை. இருவரும் அழுது அழுது தின்றோம்.

எனக்கு ஏழெட்டு மாதம் மொழிபெயர்க்க அழைப்பு வரவில்லை. பிறகு கொஞ்சம் கொஞ்சமாக வந்தது.

இனி, சொல்லாமல் விட்டதைச் சொல்கிறேன். "உமக்கும் விளங்கிச்சுது, எனக்கும் விளங்கிச்சுது. பிறகு மற்றவருக்கு விளங்கேல்லை எண்டு எங்களுக்கு எப்பிடித் தெரியும்?" என்று எத்தனையோ தரம் என்னைத் தேற்றினீர். சத்தியக் கடதாசியிலும் நான் அப்படித்தான் எழுதினேன், என்னை அறியாமல் நேர்ந்த பிழை என்று. அது பொய். முகாமுக்குள் என்று நான் சொன்னதும் அந்த அதிகாரி எழுதுவதை நிறுத்திவிட்டு நிமிர்ந்து பார்த்தார். பிழையாக விளங்கிக்கொண்டார் என்று எனக்கு அந்தக் கணமே தெரிந்தது. ஆனால் அதற்கு முந்திய கிழமைதான் இன்னொரு விசாரணையில் ஒரு சொல்லுக்கு விளக்கம் கொடுக்கப் போய், அது மொழிபெயர்ப்பாளரின் வேலை இல்லை என்று ஏச்சு வாங்கியிருந்தேன். எனக்கு அது புது வேலை. வாயை மூடிக்கொண்டு அடுத்த கேள்விக்குக் காத்திருந்தேன்.

இப்போதெல்லாம் எந்த அறையிலும் கையை உயர்த்திவிடுகிறேன். இந்தச் சொல்லுக்கு எங்கள் ஊரில் வேறு பொருள், சொல்ல அனுமதி தாருங்கள் என்று கேட்கிறேன். சிலர் முகத்தைச் சுளிப்பார்கள், சுளிக்கட்டும். ஆனால் உம்மிடம் சொல்ல எனக்கு ஐந்து வருடம் இருந்தது. இன்றைக்குச் சொல்வோம், நாளைக்குச் சொல்வோம் என்று கடத்தினேன். ஆஸ்பத்திரியில் கடைசிக்கு முதல்நாள் என் கையைப் பிடித்துக்கொண்டு, "நீர் அண்டைக்கு உண்மையை எழுதித் தராட்டி நான் இஞ்சை இல்லை" என்றீர்.

நான் "ஓம்" என்று தலையாட்டினேன்.