கிரேன் உச்சியில் இருந்த கூடு

மார்ச் 6, வெள்ளி

பெரிய கிரேனை இன்று சாய்த்தோம். உச்சியில் கழுகுக் கூடு இருந்தது. குஞ்சு இரண்டு. ஒன்று செத்துவிட்டது, மற்றது உயிரோடு இருக்கிறது.

எழுதிப் பார்த்தால் இவ்வளவுதான்.

மூடிப்போன படகுத் தளம் அது. நிலம் ஒருவருடையது, அதன் மேல் நிற்கும் இரும்பு முழுக்க என்னுடையது, பழைய இரும்பு விலைக்கு வாங்கியது. இந்த மாதக் கடைசிக்குள் இரண்டு கிரேனையும் வெட்டி எடுத்துக்கொண்டு இடத்தைக் காலி செய்ய வேண்டும் என்பது பேச்சு. பெரிய கிரேனின் ஏணி துருப்பிடித்து உதிர்கிறது. ஆளைத் தூக்கும் வண்டிக்கு எதற்கு வீண் வாடகை என்று யாரையும் மேலே அனுப்பவில்லை. கீழே கிரேனின் காலை வெட்டிச் சாய்த்துவிடலாம் என்றேன். எங்கள் தொழிலில் எல்லோரும் செய்வதுதான்.

காலையிலிருந்தே ஒரு விசில் சத்தம். மெல்லிசாக, விட்டு விட்டு. இரும்பு வெட்டும் காஸ் கசிகிறது என்று நினைத்தேன். சிலிண்டர் வாய், ரெகுலேட்டர், குழாய் இணைப்பு, எல்லாவற்றிலும் சோப்புத் தண்ணீர் தடவச் சொன்னேன். ஒரு குமிழி வரவில்லை.

காஸ் கட்டர் பிடிப்பவனை எல்லோரும் பொறி என்றுதான் கூப்பிடுவோம். அவன் சிரித்தான். “லீக்கும் இல்ல, ஒண்ணும் இல்ல முதலாளி. வயசாச்சு, காதக் காட்டுங்க டாக்டர்கிட்ட.”

மேலே இரண்டு பறவைகள் வட்டமடித்துக்கொண்டிருந்தன. மீன் தலைக்கு வந்ததாக்கும் என்று விட்டுவிட்டேன். உச்சியில் குச்சிக் கட்டு மாதிரி ஏதோ தெரிந்தது. பழைய ஆட்கள் விட்டுப்போன குப்பை என்று நானே சொன்னேன்.

சாய்ந்து புழுதி அடங்கிய பிறகும் விசில் நிற்கவில்லை. குச்சிக் குவியலுக்கு உள்ளேயிருந்து வந்தது.

மார்ச் 7

குஞ்சு என் பழைய இரும்பு யார்டு அலுவலகத்தில், ஒரு மரப்பெட்டிக்குள் இருக்கிறது. கோழியை விடப் பெரிது, இதைப் போய் குஞ்சு என்கிறார்கள். என்னைக் கண்டால் வாயைத் திறக்கிறது. பசியா பயமா தெரியவில்லை.

மகளுக்குத் தெரிய வேண்டாம் என்றிருந்தேன். பொறியின் வாயில் எது நிற்கும்? ஒன்பது வயதுக்காரி சனிக்கிழமை அரைநாள் பள்ளிக்கூடம் விட்டு நேராக யார்டுக்கு வந்து நின்றாள். போன மாதம் முழுக்கக் கழுகுப் புத்தகமும் கையுமாகவே திரிந்தவள். கழுகுக்குத் தன் கண்ணைச் சுழற்ற முடியாதாம், அதனால்தான் தலையைத் திருப்பித் திருப்பிப் பார்க்குமாம். அதன் எலும்பையெல்லாம் சேர்த்தாலும் இறகின் எடை வராதாம். சாப்பிட உட்கார்ந்தால் இதே பேச்சு. நானும் ம் கொட்டிக்கொண்டே சாப்பிட்டு எழுந்துவிடுவேன்.

இன்று பெட்டியைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள்.

நான்தான் வாயைக் கொடுத்தேன். “ரெண்டு குஞ்சு பொரிச்சா பெரிசு சின்னதக் கொத்திக் கொன்னுடும்னு நீதானேம்மா சொன்ன? எப்படியும் ஒண்ணு போயிருக்கும்.”

“அதுக்குன்னு நீங்க கொல்லலாமாப்பா?”

பெட்டியின் மூடியைச் சரிசெய்யக் குனிந்துகொண்டேன். எந்தச் சரக்கில் குறை சொன்னாலும் வாங்குகிறவனை நாலு வார்த்தையில் மடக்குகிறவன் நான்.

மார்ச் 8

ஞாயிற்றுக்கிழமை. தளத்தில் வேலை இல்லை. எனக்கும் அங்கே ஜோலி இல்லை, இருந்தும் போனேன்.

பெண் கழுகு வந்தது. பெண்தான் பெரிது என்று மகள் சொல்லியிருக்கிறாள். காலில் மீன். நேராகக் கிரேன் நின்ற இடத்துக்கு வந்தது. கூடு இருந்த அதே உயரத்தில் சிறகை மடக்கி, காலை முன்னால் நீட்டியது, உட்காருவதற்கு. அங்கே ஒன்றும் இல்லை. சட்டென்று கீழே சரிந்து, சமாளித்து மேலே ஏறிப் போய், சுற்றி வந்து மறுபடியும் அதே இடத்தில் காலை நீட்டியது.

எத்தனை தடவை என்று எண்ணவில்லை. எண்ணாமல் இருந்ததும் இந்த வாழ்க்கையில் இதுதான் முதல் தடவையாக இருக்கும்.

மார்ச் 9

பறவை டாக்டர் வந்தார். சின்னப் பெண்தான், ஆனால் பேச்சில் ஒரு கறார். கையுறை போட்டுக்கொண்டு குஞ்சைப் புரட்டிப் பார்த்தார். எலும்பு முறியவில்லையாம்.

“கூண்டுல வெச்சு வளர்த்தா உயிரோட இருக்கும், ஆனா வேட்டை கத்துக்காது. அப்பா அம்மாகிட்ட சேர்த்தாதான் கழுகாகும்.”

“மனுஷன் கை பட்டா சேர்க்காதுன்னு சொல்றாங்களே?”

“அது சும்மா கதை சார். அதுங்க மோப்பம் புடிச்சுப் புள்ளையக் கண்டுபிடிக்கறதில்ல. கண்ணுதான் எல்லாம். உயரமா, அந்த எடத்துக்குப் பக்கத்துல, ஒரு கூடு வெச்சுக் குடுங்க. பறக்க இன்னும் ஒண்ணரை மாசமாவது ஆகும்.”

பக்கத்தில் உயரம் என்றால் சின்னக் கிரேன் ஒன்றுதான். அது உருக்காலைக்குப் பேசியாகிவிட்டது. மாதக் கடைசிக்குள் இடத்தைக் காலி செய்ய வேண்டும். ஒன்றரை மாதமாம்!

“ரெண்டு நாள் தாமதிச்சா?” என்று கேட்டேன்.

“ரெண்டு நாள்ல அதுங்க வேற பக்கம் போயிடும். அப்புறம் கூண்டுதான்.”

மார்ச் 10

ஆளைத் தூக்கும் வண்டியை வாடகைக்கு எடுத்தேன். எதை மிச்சம் பிடித்தேனோ அதையே இன்று கொடுத்தேன். பெரிய பிரம்புத் தட்டு, அதில் பழைய கூட்டின் குச்சிகள். பொறி தட்டையும் குஞ்சையும் எடுத்துக்கொண்டு சின்னக் கிரேன் உச்சிக்குப் போனான். குஞ்சு அவன் முன்கையைக் கிழித்துவிட்டது. கீழே வந்து ரத்தத்தைத் துடைத்துக்கொண்டே, “உங்க மேல உள்ள கோவத்த என் மேல காட்டிடுச்சு முதலாளி” என்றான். யாரும் சிரிக்கவில்லை, அவன் உட்பட.

மார்ச் 11

வரவில்லை.

மார்ச் 12

இன்றும் வரவில்லை. அதாவது வருகிறது — காற்றில் இல்லாத கூட்டுக்குத்தான் வருகிறது. நூறடி தள்ளிப் பிள்ளை கிடந்து கத்துகிறது. மூன்று கிலோமீட்டர் தூரத்து முயலைப் பார்க்கும் கண்ணாம். இது தெரியவில்லையா? வேண்டாம் என்கிறதா?

மத்தியானம் வீட்டில் சாப்பிடும்போது விசில் கேட்டது. எழுந்து போய் அடுப்பு சிலிண்டருக்குச் சோப்புத் தண்ணீர் தடவினேன். மனைவி கரண்டியும் கையுமாக நின்று பார்த்தாள்.

“என்னங்க பண்றீங்க?”

“கசியுது.”

“நேத்தும் இதத்தான் சொன்னீங்க. சிலிண்டர் காலிங்க. மாத்தணும்னு காலையிலேயே சொன்னேனே.”

காலி சிலிண்டர். நான் கேட்டேனே! கேட்டது என்ன அப்போது?

மார்ச் 13

வந்துவிட்டது. ஆண் கழுகுதான் முதலில். சின்னக் கிரேனின் கையில் உட்கார்ந்து ரொம்ப நேரம் தலையைச் சாய்த்துச் சாய்த்துப் பார்த்தது. பிறகு மீனைப் போட்டது. சாயங்காலம் தாயும்.

மகளிடம் சொன்னேன், அன்று கேட்ட விசிலைப் பற்றியும். “பெரிய உருவம் இருந்தாலும் அதுங்க குரல் சின்னதுதான்பா. விசில் மாதிரி இருக்கும். நான் உங்ககிட்ட அன்னைக்கே சொல்லியிருக்கேன்” என்றாள்.

சொல்லியிருப்பாள். சாப்பிடும்போது.

மார்ச் 18

பிள்ளை கிடைத்துவிட்டதே, இன்னும் ஏன்? தாய் இரை கொடுத்த பிறகு பழைய இடத்துக்கு மேலே போய்ச் சுற்றுகிறது. மற்றதைத் தேடுகிறது போல. டாக்டரிடம் கேட்டால், “அப்படிச் சொல்ல முடியாது சார், பழகின வழி” என்கிறார். அவருக்குப் படிப்பு இருக்கிறது. நான் அது காலை நீட்டியதைப் பார்த்தவன்.

யார்டில் எடை மேடைக்கு எதிரே விளக்குக் கம்பம் இருக்கிறது. அதன் மேல் தாய்க் கழுகு வந்து உட்காருகிறது இப்போதெல்லாம். கண்ணுக்குக் குறுக்கே வெள்ளையாக ஒரு ஜவ்வு ஓடித் திரும்புகிறது. மூன்றாவது இமையாம், பார்வையை மறைக்காமலே கண்ணைத் துடைக்குமாம். அதாவது கண் மூடும்போதும் என்னைப் பார்க்கிறது. சட்டையை மாற்றிப் பார்த்தேன். தொப்பி வைத்துப் பார்த்தேன். லாரிக்காரன், “என்ன முதலாளி, மாறுவேஷமா?” என்றான்.

மார்ச் 23

சாய்ந்து கிடக்கும் கிரேனைத் துண்டு போட உட்கார்ந்தோம். பொறி கட்டரைப் பற்ற வைத்தான். காஸ் சீறியது. அவன் அணைத்துவிட்டு எழுந்துவிட்டான்.

“கை வரல முதலாளி.”

“யோவ், இரும்புய்யா இது!”

“அப்ப நீங்க வெட்டுங்க.”

வாங்கிப் பற்ற வைத்தேன். கற்றுக்கொண்ட தொழில், மறக்காது. சீறலுக்கு அடியில் அந்த மெல்லிசு விசில். ரெண்டு விசில்! ஒன்று சின்னக் கிரேன் மேலிருந்து. இன்னொன்று எங்கேயிருந்து வருது? அய்யோ, எங்கேயிருந்துதான் வருது? கட்டரைக் கீழே போட்டுவிட்டேன்.

மார்ச் 27

நிலத்துக்காரர் வந்து சத்தம் போட்டார். ஒன்றாம் தேதி வேலி போட ஆள் வருகிறதாம். சின்னக் கிரேன் நின்றால் அவரே ஆளை விட்டுச் சாய்ப்பாராம். ஒப்பந்தப்படி அவருக்கு அந்த உரிமை உண்டு. நானே படித்துப் பார்த்துக் கையெழுத்துப் போட்டது.

குஞ்சு தட்டின் விளிம்பில் நின்று சிறகை அடித்துப் பார்க்கிறது. தூக்குகிறது, எழும்பவில்லை. இப்போது சாய்த்தால் இதுவும் போகும்.

மகள் ராத்திரிச் சாப்பாட்டில், தட்டைப் பார்த்துக்கொண்டே சொன்னாள். “கழுகு ஒரு கூட்டைக் கட்டிட்டா வருஷா வருஷம் அங்கதான் வரும். குச்சி சேத்துக்கிட்டே இருக்கும். சிலது ஒரு டன் எடை வருமாம்.”

நானும் தட்டைப் பார்த்துக்கொண்டே, “எத்தனை வருஷம் வரும்?” என்றேன்.

“இருபது, இருபத்தஞ்சு வருஷம்கூட உயிரோட இருக்கும்பா.”

மூன்று வாரத்தில் அவள் என்னை அப்பா என்று கூப்பிட்டது எத்தனை தடவை என்று எனக்குத் தெரியும்.

மார்ச் 31, செவ்வாய்

உருக்காலைக்காரனுக்குப் போன் போட்டு, சின்னக் கிரேன் இல்லை என்றேன். திட்டினான். வாங்கிக்கொண்டேன்.

பிறகு நிலத்துக்காரர் வீட்டுக்குப் போனேன். பெரிய கிரேன் உங்களுக்கு, எனக்கு ஒரு துண்டு நிலம் போதும் என்றேன். என்ன வில்லங்கம் என்று என்னையே உற்றுப் பார்த்தார்.

“இரும்ப வெச்சு நான் என்னய்யா பண்ண?”

“வித்துடுங்க. வாங்கறவன் நம்பர நானே தர்றேன்.”

“லாபம் வர்றத எவனாவது விடுவானா? உமக்கு என்ன ஆச்சு?”

“அந்த இரும்பு என் யார்டுக்குள்ள வர வேண்டாங்க. அவ்வளவுதான்.”

வெற்றிலைக் கடைப் பேரம் மாதிரி முடிந்துவிட்டது, காபி ஆறுவதற்குள்.

முடிவானது: பெரிய கிரேனின் இரும்பு மொத்தமும் அவருக்கு. வெட்டுக்கூலி, லாரி வாடகை என்னுடையது, வெட்டுவது வேறு ஆள். பதிலுக்குச் சின்னக் கிரேனும் அதைச் சுற்றிப் பத்தடி நிலமும் என் பொறுப்பு, வேலிக்கு உள்ளே, வாடகை இல்லாமல். வருஷா வருஷம் கழுகு வந்துகொண்டிருக்கும் வரை அதில் யாரும் கை வைப்பதில்லை. தொடர்ந்து மூன்று வருஷம் வராமல் போனால், கிரேனும் அவருக்கே.