இரண்டு அலமாரி தள்ளி

ஜனவரி 13, செவ்வாய்

மைக்காவுக்கு மறுபடியும் காது வலி. ஏழு மாதக் குழந்தைக்கு எத்தனை முறைதான் அதே மருந்து? மருத்துவமனை முன்மேசையில் உட்கார்ந்து ஊரார் பிள்ளைகளுக்கெல்லாம் நேரம் குறித்துக் கொடுக்கிறேன், என் பிள்ளைக்கு வெள்ளிக்கிழமைதான் கிடைத்தது.

பெரியவள் ஸாரியாவின் பையில் ஒரு கடிதம். அவள் பள்ளியை மூடப் பார்க்கிறார்கள். ஐந்து வயதுப் பிள்ளைகள் நாற்பது நிமிடம் பேருந்தில் போக வேண்டுமாம். முடிவு நவம்பர் தேர்தலில் வரப்போகும் பள்ளி வாரியத்தின் கையில். எங்கள் வட்டத்துக்குத் திருமதி குவிட்மன் நிற்கிறார், மூடக் கூடாது என்கிறவர் அவர் ஒருவர்தான்.

கார்னெல் கடிதத்தை இரண்டு முறை படித்துவிட்டுக் குளிர்பெட்டிக் கதவில் ஒட்டினான். "நெல், எனக்கும் சேத்து நீயே ரெண்டு ஓட்டா போட்டுட முடியாதா?" என்றான். நான் சிரித்தேன். அவன் சிரிக்கவில்லை.

இந்த மாவட்டத்துப் பள்ளிப் பேருந்துகளுக்கெல்லாம் பிரேக் மாற்றுகிறவன் என் புருஷன். ஓட்டு மட்டும் கிடையாது. பத்தொன்பது வயதில் இன்னும் இரண்டு பேரோடு சேர்ந்து ஒரு மான் வேட்டைக் கொட்டகையின் பூட்டை உடைத்தான். மரம் அறுக்கும் இயந்திரம் இரண்டு, ஜெனரேட்டர் ஒன்று. செய்தான். இல்லையென்று ஒருநாளும் சொன்னதில்லை. மூன்று வருடம் உள்ளே இருந்தான். வெளியே வந்த வருடமே நீதிமன்றத்தில் ஓட்டுப் பதிவு ஜன்னலுக்குப் போனான். உனக்கு இல்லை என்றார்கள். நன்றி சொல்லிவிட்டு வந்தானாம். அது நடந்து எட்டு வருடம்.

பிப்ரவரி 1, ஞாயிறு

ஆராதனை முடிந்து மீன் தட்டுக்கு வரிசையில் நிற்கும்போது பாஸ்டர் ஓடம் கூப்பிட்டார். நம் சட்டமன்ற உறுப்பினர் பெட்டிஃபோர்ட், கார்னெலுக்கு ஓட்டைத் திருப்பித் தர ஒரு மசோதா கொண்டுவர ஒப்புக்கொண்டாராம்.

மிசிசிப்பியில் அப்படித்தான். ஒரு ஆளுக்கு ஒரு சட்டம். கீழ்ச்சபையில் மூன்றில் இரண்டு பங்கு, மேல்சபையில் மூன்றில் இரண்டு பங்கு, அதற்குமேல் ஆளுநர். ஒரு மனிதன் ஒரு தாளைப் பெட்டியில் போடுவதற்கு!

மூன்று கடிதங்கள் வேண்டுமாம். பாஸ்டர் ஒன்று, முதலாளி ஒன்று. மூன்றாவது, யாரிடம் திருடினானோ அவரிடமிருந்து.

பிப்ரவரி 7, சனி

எழுதவே பிடிக்கவில்லை. எழுதித்தான் ஆக வேண்டும்.

கொட்டகைக்காரர் டாட்லாக் எங்களை உள்ளே கூப்பிடவில்லை. முற்றத்தில், நாய்களுக்கு நடுவே, மைக்காவை இடுப்பில் வைத்துக்கொண்டு நின்றேன். அவர் காப்பியோடு வெளியே வந்தார். கார்னெல் தொப்பியைக் கழற்றினான்.

"என் ரம்பம் நல்லா அறுத்துச்சா?"

"தப்புதான் ஐயா."

"ம். புள்ளகுட்டிக்காரனாயிட்ட போல." கொஞ்ச நேரம் குடித்தார். "வந்தது வந்துட்ட, அந்த டிராக்டர என்னன்னு பாரேன். ஒரு வாரமா கெளம்ப மாட்டேங்குது."

இரண்டு மணி நேரம். சேற்றில் மல்லாந்து படுத்து, ஞாயிற்றுக்கிழமைக்கென்று துவைத்துப் போட்ட சட்டையோடு. டிராக்டர் கிளம்பியது. அப்புறம் அவர் சொன்னார், தனக்கு எழுத்தெல்லாம் வராது, நீங்களே எழுதிக் கொண்டாங்க, கையெழுத்துப் போடுகிறேன் என்று.

வீட்டுக்கு வந்து நான் எழுதினேன். என் புருஷனை மன்னித்துவிட்டதாக அந்த மனுஷன் எழுதும் கடிதத்தை நானே உட்கார்ந்து எழுதினேன். கல்லூரியில் படித்ததற்கு நல்ல உபயோகம்.

மார்ச் 5, வியாழன்

மசோதா இணையத்தில் வந்துவிட்டது. அவன் முழுப்பெயர், ஊர், 'பெருந்திருட்டுக் குற்றத்துக்காகத் தண்டிக்கப்பட்டவர்', அதன்பின் 'ஒழுக்கமான குடிமகனாக நடந்துகொண்டவர்'. எல்லாம் அரசு முத்திரையோடு. ஸாரியா எழுத்துக் கூட்டிப் படிக்கத் தொடங்கிவிட்டாள். அவள் பெரியவளாகி அப்பா பெயரைத் தேடினால் முதலில் இதுதான் வரும்.

நாமே கேட்டு வாங்கிக்கொண்டது.

மார்ச் 8, ஞாயிறு

கார்னெலின் சித்தப்பா மகன் கியாண்டே சாப்பிட வந்தான். அவன் போதைப் பொட்டலம் விற்று நாலு வருடம் உள்ளே இருந்தவன். ஆனாலும் ஓட்டு உண்டு. போன தேர்தலில் போட்டான், அதற்கு முந்தினதில் சிறைக்குள்ளிருந்தே தபாலில் போட்டான்.

"தப்பான தொழில எடுத்துட்டண்ணே. ஏங்கூட வந்துருந்தா இன்னைக்கு ஓட்டோட இருந்துருப்ப," என்று சொல்லிச் சோள ரொட்டியை உடைத்துக் கீரைச் சாற்றில் முக்கினான். கார்னெல் துண்டை எடுத்து அவன் மேல் வீசினான். எல்லாரும் சிரித்தோம்.

பாத்திரம் கழுவும்போது சிரிப்பு போய்விட்டது. இதென்ன நியாயம்? எந்தெந்தக் குற்றத்துக்கு ஓட்டுப் போகும் என்ற பட்டியலைத் தேடிப் படித்தேன். லஞ்சம், திருட்டு, தீ வைப்பு, பொய்ச் சாட்சி, கள்ளக் கையெழுத்து, இரண்டாம் கல்யாணம். அடுத்தவன் காட்டில் மரம் வெட்டினால்கூடப் போய்விடுமாம், பொட்டலம் விற்றால் போகாதாம். 1890-இல் எழுதியது. பிறகு சிலதை எடுத்தார்கள், சிலதைச் சேர்த்தார்கள். எங்கள் கறுப்பு ஆட்கள் எந்தெந்தக் குற்றம் செய்வார்கள் என்று அந்தக் கனவான்கள் ஒரு அறையில் உட்கார்ந்து யோசித்து எழுதிய பட்டியல். என் பிள்ளைகளின் அப்பா இன்னும் அதற்குள் நிற்கிறான்.

மார்ச் 19, வியாழன்

கீழ்ச்சபையில் நிறைவேறியது! வேலை இடைவேளையில் கைபேசியில் பார்த்தேன். பதினோரு பெயர்களைக் கட்டாக வாசித்தார்கள். ஒருவர் கொட்டாவி விட்டார். முடிந்தது.

கார்னெலிடம் சொன்னேன். சாயங்காலம் முடி வெட்டிக்கொண்டு வந்தான்.

ஏப்ரல் 2, வியாழன்

மசோதா மேல்சபைக் குழுவில் செத்துவிட்டது. அந்த வார்த்தையைத்தான் எழுதுகிறார்கள்: செத்தது.

ஏப்ரல் 7, செவ்வாய்

சட்டமன்றத்துக்கு ஆறு முறை தொலைபேசியில் கூப்பிட்டேன். யார் வேண்டாம் என்றது? யாரும் இல்லையாம். எதிர்த்து ஓட்டுப் போட்டார்களா? ஓட்டுக்கே எடுக்கவில்லையாம். காரணம்? "காரணம்னு தனியா ஒண்ணும் இல்லம்மா, நேரம் பத்தல." நேரம்! டாட்லாக் டிராக்டருக்கடியில் கார்னெல் கிடந்தது யார் நேரம்?

பெட்டிஃபோர்டின் உதவியாளர் கனிவாகத்தான் பேசினார். அடுத்த வருடம் மறுபடி கொண்டுவரலாம், தீர்ப்பின் முத்திரையிட்ட நகலையும் சேர்த்தால் பலமாக இருக்கும் என்றார். அடுத்த வருடம். தேர்தல் இந்த நவம்பரில்.

ஏப்ரல் 21, செவ்வாய்

பள்ளி வாசலில் கார் வரிசையில் உட்கார்ந்து எழுதுகிறேன். வீடு போகும்வரை தாங்காது.

தீர்ப்பு நகல் வாங்க நீதிமன்ற அலுவலகத்துக்குப் போனேன். பதிவாளர் திருமதி ராலிங்ஸ் அலமாரியிலிருந்து கோப்பை எடுத்து ஜன்னல் வழியாகக் கொடுத்தார். இரண்டு குற்றச்சாட்டுகள். முதலாவது, பூட்டை உடைத்து உள்ளே நுழைந்தது: குற்றத்தை ஒப்புக்கொண்டார், தண்டனை மூன்று வருடம். இரண்டாவது, பெருந்திருட்டு: கைவிடப்பட்டது.

கைவிடப்பட்டது.

மூன்று முறை படித்தேன். கைபேசியில் பட்டியலை எடுத்தேன். திருட்டு இருக்கிறது. பூட்டுடைப்பு இல்லை. அதை எப்போதோ எடுத்துவிட்டார்கள். நான் பிறப்பதற்கு முன்பே. என் மாமியார் பிறப்பதற்கு முன்பே.

தாளை ஜன்னலுக்குள் நீட்டி, இவருக்கு எதற்காக ஓட்டு இல்லை என்றீர்கள் என்று கேட்டேன். அவர் கண்ணாடியை மூக்குக்கு இறக்கிக்கொண்டு கணினியைப் பார்த்தார். "பெருந்திருட்டுன்னு போட்டுருக்கே." தாளைப் பார்த்தார். மறுபடி கணினி.

"அட, கைது பண்ணப்ப எழுதுனத அப்பிடியே ஏத்திட்டாங்க போலருக்கு கண்ணு. எனக்கு முன்னாடி இருந்தவங்க." விசையைத் தட்டினார். "ஆச்சு, அத எடுத்துட்டேன். புதுசா பதிஞ்சுக்கச் சொல்லு, அவ்ளோதான்."

அவ்ளோதான்.

இந்த மாநிலத்தில் குற்றக் கோப்புகளை வைத்திருப்பதும் வாக்காளர் பட்டியலை வைத்திருப்பதும் அதே அலுவலகம். அதே அறை. அந்தத் தாள் இத்தனை வருடமும் அவர் நாற்காலியிலிருந்து இரண்டு அலமாரி தள்ளி இருந்தது. யாரும் எழுந்து போய்ப் பார்க்கவில்லை. பெட்டிஃபோர்ட் பார்க்கவில்லை. தட்டச்சு செய்தவர் பார்க்கவில்லை. கட்டாக வாசித்தவர்கள் பார்க்கவில்லை. அரசு முத்திரையோடு தண்டிக்கப்படாத குற்றத்தைப் போட்டு, எடுக்காத உரிமையைத் திருப்பித் தரலாமா வேண்டாமா என்று விவாதித்து, நேரம் பத்தல என்று சாகடித்திருக்கிறார்கள்!

நானும் பார்க்கவில்லையே. நான்தானே படித்தவள். பட்டியலைப் படித்த அன்றே தாளைக் கேட்டிருக்க வேண்டாமா?

வரிசை நகர்கிறது. ஸாரியா கையசைக்கிறாள். இதை அவனிடம் எப்படிச் சொல்லப் போகிறேன்?

ஏப்ரல் 22, புதன்

சொன்னேன். சந்தோஷப்படுவான் என்று எங்கோ ஒரு மூலையில் நினைத்திருந்தேன் போலிருக்கிறது.

நகலை வாங்கி நின்றபடியே படித்தான். அன்று வக்கீல் பத்து நிமிடத்தில் ஆறு தாளில் கையெழுத்து வாங்கினாராம், நீதிபதி மூன்று வருடம் என்றது மட்டும்தான் காதில் விழுந்ததாம். நான் பதிவுப் படிவத்தை எடுத்து வைத்தேன்.

"அது என்னோடதாவே இருந்திருக்கு நெல். என்னோடத நான் டாட்லாக் டிராக்டருக்கு அடியில படுத்துக் கேட்டிருக்கேன்."

படிவத்தைத் தொடவில்லை.

மே 30, சனி

படிவம் குளிர்பெட்டி மேல் அப்படியே. பெட்டிஃபோர்ட் அலுவலகத்துக்கு எழுதினேன், மகிழ்ச்சியான செய்தி என்று பதில் வந்தது. மகிழ்ச்சியாம்! அந்த மசோதாவை இணையத்திலிருந்து எடுக்க முடியாதாம், அது சபைப் பதிவாம். பொய்தான் நிரந்தரம்.

மைக்கா நிற்கப் பார்க்கிறான்.

ஆகஸ்ட் 16, ஞாயிறு

இன்றும் சண்டை. பள்ளிக்காக என்றேன், பிள்ளைக்காக என்றேன். "உனக்குப் புரியாது," என்றான். புரியாதுதான். நான் அந்த முற்றத்தில் நின்றவள், படுத்தவள் இல்லை. ஆனால் கோபத்தில் கையைக் கட்டிக்கொண்டு இவன் வீட்டில் உட்கார்ந்தால் அந்தப் பட்டியலை எழுதியவர்கள் விரும்பியதும் அதுதானே? இதைச் சொல்ல வாய் வரவில்லை. இங்கே எழுதி வைக்கிறேன்.

அக்டோபர் 5, திங்கள்

பதிவுக்குக் கடைசி நாள். நாலரைக்கு வேலையுடுப்போடு, கையெல்லாம் கருப்பாக, வந்து நின்றான்.

"வண்டிய எடு. அஞ்சு மணிக்கு மூடிடுவாங்க."

என்ன ஆயிற்று என்று வழியில்தான் கேட்டேன். பள்ளியை மூடினால் எந்தப் பேருந்து தூர வழிக்கு என்று பட்டறைக்கு ஓலை வந்துவிட்டதாம். பதினேழாம் எண்.

"அந்த பதினேழ நாந்தான் நாலு வருஷமா ஒட்டுப்போட்டு ஓட்டிட்டு இருக்கேன். நாப்பது நிமிஷம் மேட்டுல எறங்குற வண்டி இல்ல அது. அதுல ஸாரியா ஒக்காருவா."

படிவத்திலேயே அந்தப் பட்டியல் இருக்கிறது. கீழ்க்கண்ட குற்றங்களில் எதற்காவது தண்டிக்கப்பட்டிருக்கிறீர்களா? திருமதி ராலிங்ஸ் பார்த்துக்கொண்டிருக்க ஒவ்வொன்றாக விரல் வைத்து வாசித்தான். தவறாகக் குறித்தால் பொய்ச் சாட்சி என்று பிடித்துவிடுவார்களோ? அதுவும் பட்டியலில் இருக்கிறதே? முத்திரையிட்ட நகலை இரண்டு கையாலும் பிடித்திருந்தேன்.

'இல்லை' என்று குறித்தான். "தேதி முத்திரை போட்டு எனக்கொரு நகல் குடுங்க," என்றான். நன்றி சொல்லவில்லை.

நவம்பர் 3, செவ்வாய்

தீயணைப்பு நிலையத்தில் ஓட்டு. நான் ஆறு நிமிடத்தில் வெளியே வந்துவிட்டேன். அவன் இருபத்தைந்து நிமிடம். மயங்கி விழுந்துவிட்டானா, சண்டை போடுகிறானா, யாராவது திருப்பி அனுப்புகிறார்களா என்று என் மனம் போகாத இடமில்லை. ஒன்றுமில்லையாம். தாளில் இருந்த ஒவ்வொரு வரியையும் படித்தானாம், பின்பக்கமும்.

நவம்பர் 4, புதன்

திருமதி குவிட்மன் முப்பத்தொரு ஓட்டில் தோற்றார்.

முப்பத்தொன்று. கார்னெல் அந்த எண்ணைக் குளிர்பெட்டிக் கதவில், பள்ளிக் கடிதத்துக்குக் கீழே எழுதினான். "என்ன மாதிரி இன்னும் எத்தன பேரு இருக்காங்களோ," என்றான்.

நவம்பர் 8, ஞாயிறு

பட்டாணி வெந்துகொண்டிருக்கும்போது கியாண்டே வந்தான், தனியாக இல்லை. வாசலில் வண்டியிலிருந்து இறங்காமல் ஒரு பெரியவர், அறுபது வயதிருக்கும். ஏதோ கொட்டகைப் பூட்டு விஷயம், 1988-இல். அன்றிலிருந்து அவர் ஓட்டுப் போட்டதில்லை. கார்னெல் போய் அவரைக் கையைப் பிடித்து உள்ளே கூட்டிவந்து சாப்பாட்டு மேசையில் உட்காரவைத்தான்.

"தீர்ப்புத் தாள் கொண்டாந்தீங்களா மாமா?" என்றான். "நெல் படிப்பா."

அவர் சட்டைக்குள்ளிருந்து ஒரு ரொட்டிப் பையை எடுத்தார். மடிப்பில் கிழிந்த தாள். நான் அடுப்பை அணைத்துவிட்டுக் கையைத் துடைத்துக்கொண்டேன்.