போனதும் வந்ததும்

4 செப்டெம்பர் 2024
எழும்பியதும் அம்மாவின் மருந்துக் குளிசைகளைப் பெட்டியில் பிரித்து வைத்தேன். பிறகுதான் தேநீர். எங்கள் வெஸ்ட்லி நிலையத்தில் ரயில் ஏறும்போதே மனம் ஓரிடத்தில் இல்லை.

ஆவணக் காப்பகத்தில் புதிய வேலை. 1899இல் எடுத்த இரண்டு அசையும் படங்கள், ஒவ்வொன்றும் ஒரு நிமிடம்கூட வராது. ஒன்றில் விக்டோரியா மகாராணியின் சிப்பாய்கள் தென்னாபிரிக்கப் போருக்குப் புறப்படுகிறார்கள். மற்றதில் வென்று திரும்புகிறார்கள். கண்காட்சிக்கு நான் விளக்கம் எழுத வேண்டும்.

அம்மா கேட்டார்: "செத்த வெள்ளைக்காரரைப் பாக்கிறதுக்கும் சம்பளம் தாறாங்களோ?"

6 செப்டெம்பர்
புறப்படுகிறவர்களில் ஒருவன் கமராவைப் பார்த்துச் சிரிக்கிறான். கட்டைவிரலில் துணிக்கட்டு. திரும்பும் படத்திலும் அவன். அதே கட்டு, அதே முடிச்சு. நிழல்களும் அதே நீளம்.

போகச் சொல்லி, வரச் சொல்லி, ஒரே நாளில் எடுத்திருக்கிறார்கள். போருக்கு முன்பே.

எங்கள் பிரிவுத் தலைவி மேரின் சிரித்தாள். "அப்படியே எழுது. இவ்வளவு காலத்துக்குப் பிறகு யார் அழப்போகிறார்கள்?"

எனக்கு ஏன் சிரிப்பு வரவில்லை?

7 செப்டெம்பர்
ஏனென்று தெரியும்.

8 செப்டெம்பர்
அம்மா வழக்கம்போல அண்ணாவின் வீடியோவைப் போட்டார். போர்க்காலத்தில் வன்னியில், அண்ணா சேர்ந்திருந்த இயக்கம் எடுத்தது. அண்ணாவின் அணி சண்டைக்குப் போகிறது, பிறகு திரும்புகிறது. அதற்குப் பின் அண்ணாவைப் பற்றி ஒரு தகவலும் இல்லை. நவம்பரில் மற்றத் தாய்மார் மண்டபத்தில் போரில் மாண்ட பிள்ளைகளின் படங்களுக்கு விளக்கேற்றுவார்கள். அம்மா போகமாட்டார்.

"திரும்பி வந்தவன்தானே, பிள்ளை. கண்ணாலை பாக்கிறாயெல்லே. பிறகென்னத்துக்கு விளக்கு?"

போகும்போது அண்ணாவின் தாடையில் சவரக் காயம். அதன்மேல் ஒட்டிய பேப்பர்த் துண்டு. "சவரம் எடுக்கத் தெரியாத பெடியன்" என்று அம்மா அந்த இடத்தில் எப்போதும் சிரிப்பார். திரும்பி வரும் இடத்தில் எப்போதும் கண்ணைத் துடைத்துக்கொண்டிருப்பார், திரையைப் பார்ப்பதில்லை.

இன்றைக்கு அந்த இடத்தில் அண்ணாவின் தாடையை நான் பார்த்தேன்.

பேப்பர்த் துண்டு அப்படியே இருக்கு. சண்டைக்குப் போய் வந்தவன்ரை முகத்திலை அது விழாமல் இருக்குமோ? இயக்கக்காரரும் ரெண்டையும் ஒரே நாளிலை எடுத்திட்டாங்கள் —

12 செப்டெம்பர்
"என்ன, முகம் ஒருமாதிரிக் கிடக்கு?"

"வேலை, அம்மா."

16 செப்டெம்பர்
விளக்கத்தை அனுப்பினேன். இரண்டும் ஒரே நாளில், போருக்கு முன் எடுக்கப்பட்டவை. கட்டைவிரல்காரன் திரும்பினானா என்பது தெரியாது. அதையும் எழுதினேன்.

அண்ணாவும் அப்படித்தான். திரும்பவில்லை என்று வீடியோ சொல்லவில்லை. திரும்பினான் என்றும் சொல்லவில்லை.

சனிக்கிழமை கண்காட்சிக்கு அம்மாவைக் கூட்டிப்போகப் போகிறேன். வாய் திறக்கமாட்டேன். அரிசியில் கல் பொறுக்கிய கண்கள் அவருடையவை, கட்டைவிரலைக் கண்டுபிடித்துவிடும். வீட்டுக்கு வந்து வீடியோவைப் போடச் சொன்னால், போடுவேன். அண்ணா திரும்பி வரும் இடத்தில் அவருடைய கையைப் பிடித்துக்கொள்வேன், கண்ணைத் துடைக்க விடாமல்.