நன்றிப் பக்கத்தில் ஒரு வரி

கிர்க்கெனேஸ்,
ஆகஸ்ட் 12

அன்பு நண்பருக்கு,

நான் நலம். உங்களிடமிருந்து ஒரு வரியும் வராமல் இரண்டு வருஷம் ஓடிவிட்டது. பெயர் போட்டு எழுதவில்லை என்று கோபிக்க வேண்டாம். இதைக் கொண்டுவரும் உங்கள் மகள் போட்ட நிபந்தனை அது. ஊர்ப் பெயரும் கூடாது என்றாள். அதை மட்டும் கேட்க மாட்டேன் என்று சொல்லிவிட்டேன். எழுபத்தொரு வயதில் கொஞ்சமாவது பிடிவாதம் வேண்டாமா?

இந்த எல்லை ஊரின் தெருப்பலகைகளில் உங்கள் மொழி இன்னும் இருக்கிறது. எல்லையை மூடிய பிறகு மாதச் சந்தைக்குத்தான் உங்கள் பக்கத்திலிருந்து யாரும் வருவதில்லை. எல்லைச் சாவடிச் சாலையில் கொஞ்சதூரம் நடந்துவிட்டுத் திரும்புகிறேன். கடைக்காரன் ஒட்பியோர்னின் கிண்டல் வேறு. "என்ன வாத்தியாரே, உங்க புத்தகத்தைப் படிச்சுட்டு ரெண்டு பக்கமும் அண்ணன் தம்பியாயிடுவோம்னு நம்பினோமே! இப்ப அடுப்புல போட்டுடலாமா?" என்றான். நானும் சிரித்தேன். வீட்டுக்கு வந்து வெகுநேரம் காலணியைக் கூடக் கழற்றாமல் உட்கார்ந்திருந்தேன்.

விஷயத்துக்கு வருகிறேன். நம் புத்தகத்தை மறுபதிப்புப் போடுகிறார்கள். உங்கள் நாட்டில் ஆட்சி மாறியதைப் பற்றிய முதல் புத்தகம் அல்ல. வடக்கே நம் இரண்டு நாடுகள் உட்பட நான்கு நாடுகளும் கூடிச் செயல்படுவதைப் பற்றிய இரண்டாவது. ஒஸ்லோவிலிருந்து பதிப்பாசிரியர் இங்வில்ட் பேசினாள். எதிர்காலம் பற்றிய கடைசி அத்தியாயத்தை எடுத்துவிடலாமா, "நடக்காததை எதுக்குங்க வச்சிருக்கணும்?" என்றாள். முடியாது என்றேன். நாம் தப்பாக நினைத்திருந்தால் அதுவும் அச்சில் இருக்கட்டும்.

ஆனால் ஒன்றை எடுத்துவிட்டேன். உங்கள் பெயரை.

உங்கள் மகள் போனில் அழுதாள். "மாமா, அப்பா பேரு மறுபடியும் அச்சுல வந்தா வேலை போறதோட நிக்காது. அவரைக் கேட்டா இருக்கட்டும்னுதான் சொல்வார். நீங்களே எடுத்துடுங்க" என்றாள். பாதிப் புத்தகம் உங்களுடையது. அந்தக் கரை மீனவர்களிடம் பேசியது நீங்கள்; எல்லாம் உங்கள் கையெழுத்தில்தான் எனக்கு வந்தது. நாற்பத்தேழு இடங்களில் உங்கள் பெயரை அடித்து நீக்கினேன். என்னை மன்னித்துவிடுங்கள்.

சதுப்பு நிலத்தில் முல்ட்டேப் பழங்கள் பழுத்துவிட்டன. பழம் பறிக்கும் இடத்தை இந்த ஊரில் யாரும் வெளியே சொல்வதில்லை, உங்களுக்குத் தெரியாததா? என் மனைவி சோல்வை கூட அவள் இடத்தைச் சாகும்வரை என்னிடம் சொல்லவில்லை. நான் என் சதுப்பைக் காட்டியது உங்களுக்கு ஒருவருக்குத்தான். இந்த வருஷமும் தனியாகப் போனேன். பெரிய பாறைக்கு அந்தப்புறம் உங்கள் பங்கு என்று வைத்திருந்தோமே, அதைத் தொடவில்லை. பறவைகள் தின்றுவிடும், தெரியும். இருந்தாலும் கை போகவில்லை.

நன்றிப் பக்கத்தில் இப்போது ஒரே வரிதான்: 'என் பழச் சதுப்பு எங்கே இருக்கிறது என்று தெரிந்தவருக்கு.' யார் அது என்று இங்வில்ட் கேட்டாள். புத்தகம் வந்தால் ஊரே கேட்கும். ஒட்பியோர்ன் ஆள் ஆளாக விசாரிப்பான். சொல்ல மாட்டேன்.

உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள். நாலு பேர் இருக்கும் இடத்தில் என் பேச்சை எடுக்க வேண்டாம். என்றாவது வழி திறந்தால், அன்றைக்கு நான் இல்லாவிட்டாலும், ஒரு வாளியை எடுத்துக்கொண்டு நேரே அங்கே போங்கள். இந்தப்புறத்துப் பழங்களையும் நீங்களே பறித்துக்கொள்ளுங்கள்.

இப்படிக்கு,
பாறைக்கு இந்தப்புறம் இருப்பவன்