பாக்கலாம் கண்ணு

ஐப்பசி, கிருத்திகை. இரவு.

விளக்கு வைத்த நேரம் வாசலில் இருந்தவர்கள்: நான், என் வீட்டுக்காரர், எங்கள் பனியன் கம்பெனியில் செக்கிங் பார்க்கும் ஒடிசாப் பெண் மினதி, அவளுடைய தங்கை.

"அக்கா, நீங்க பாக்கலாம் சொன்னீங்க. தங்கச்சி வந்தாச்சு," என்றாள் மினதி.

போன மாதம் தங்கைக்கு வேலை கேட்டாள். வெளிநாட்டு ஆர்டர் குறைந்து, இருப்பவர்களுக்கே வேலை போதாத நேரம். "பாக்கலாம் கண்ணு" என்றேன். நம் பக்கத்தில் கேட்டவர் முகம் வாடாமல் 'இல்லை' என்று சொல்வது அப்படித்தான். அவள் அதைச் 'சரி' என்று எடுத்துக்கொண்டாள். காய்கறிக்காரரிடம் கறாராகப் பேசுகிற எனக்கு, அவளிடம் ஒரு 'இல்லை' சொல்ல வாய் வரவில்லை. அந்தத் தங்கை ஊரில் இருந்த வேலையை விட்டுவிட்டு வந்திருக்கிறாள்.

"உன்ற பாக்கலாம் ரயிலேறி வந்திருக்குது பாரு," என்றார் வீட்டுக்காரர் என்னிடம் மெதுவாக.

"ஏனுங்க, தப்பு என்னுதுங்க. புள்ளைக்கு ஏதாச்சும் வேலை குடுங்க."

"பாக்கலாம்," என்றார்.

மினதி சிரித்துக்கொண்டே அதைத் தங்கைக்கு அவர்கள் பாஷையில் சொன்னாள். தங்கை என்னைக் கையெடுத்துக் கும்பிட்டாள்.

கிருத்திகை விரதத்தை முடிக்க மனம் வரவில்லை. முருகா, வேலை உண்டா, இல்லையா? காலையில் கம்பெனிக்குக் கிளம்புவதற்குள் அவரைப் பதில் சொல்ல வை.