வாசல் நிலையில் எரியும் வரி

மேலாற்றில் இருக்கும் கொழுந்தனார் தூமருக்கு உங்கள் அண்ணி யெலூனி சாதாரணக் கரி மையில் எழுதிக்கொண்டது. உங்கள் பாறையில் மழை விட்டிருக்கும், கால் சேற்றுப்புண் ஆறியிருக்கும் என்று நம்புகிறேன்.

அண்ணன் சாவுக்கு நீங்கள் அனுப்பிய உப்பு மூட்டை வந்தது. நல்ல உப்பு. ஆள்தான் வரவில்லை.

யெலூனிக்கு ஏது எழுத்து என்று நினைப்பீர்கள். இந்த நாலு மாதத்தில் கற்றதுதான். கோணல்மாணலாக இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

அவருக்கு மூன்று நாள்தான் காய்ச்சல். நான் அடுப்படியில் நின்றிருந்தேன். எங்கள் கல்யாணத்தன்று அடுப்புக்கு மேலே சுடர்மையில் எழுதினாரே, 'சாகும்வரை உன்னோடு இருப்பேன்' என்று, அன்றிலிருந்து விளக்காக எரிந்த அந்த வரி அணைந்தது. கட்டில் பக்கம் திரும்பிப் பார்க்க வேண்டியிருக்கவில்லை. சொன்ன சொல் நிறைவேறினால் சுடர்மை அணையும் என்பது தவழ்கிற பிள்ளைக்கும் தெரியும். உங்கள் அண்ணன் முழுதாகக் காப்பாற்றிய ஒரே வாக்கு அதுதான், தம்பி.

மற்றவர்கள் வாழ்நாளில் இரண்டு முறை சுடர்மை தொடுவார்கள், கல்யாணத்துக்கு ஒன்று, படகுக்கு ஒன்று. இவர் மை காய்ச்சுகிறவர். பானை பக்கத்தில் இருந்தால் கை சும்மா இருக்குமா? ஊர் முழுக்க எழுதி வைத்துவிட்டுப் போயிருக்கிறார். அதெல்லாம் அணையாமல் மணிக்காரி ஆற்றங்கரையில் நின்று மணியடித்து, அவர் பெயரைக் கூப்பிட்டு அக்கரைக்கு அனுப்ப மாட்டாள். கூப்பிடும்வரை அவர் நம் வாசலிலேயே நிற்க வேண்டியதுதான். ஆறு உறைவதற்குள் கூப்பிடாவிட்டால் இன்னும் ஒரு வருடம். அவருக்கு முழங்கால் வலி வேறு.

புருஷன் வாக்கைப் பெண்டாட்டி தீர்த்தாலும் செல்லும் என்றாள் மணிக்காரி. எங்கே என்ன எழுதியிருக்கிறார் என்று படிக்கத்தான் அவளிடமே எழுத்துக் கற்றேன். மொத்தம் முப்பத்தொன்று.

அடுத்த வீட்டுக் கம்சியின் கூரைச் சட்டத்தில் 'நாளைக்கே ஓடு மாற்றித் தருவேன்' என்று இருந்தது. எழுதி ஆறு வருடம். அவள் அந்த வெளிச்சத்தில்தான் கூடை முடைந்துகொண்டிருந்தாள். "ஒழுகினா ஒழுகிட்டுப் போவுது, அணைச்சுடாதடி யெலூனி" என்று கெஞ்சினாள். நான் ஏறி ஓடு மாற்றினேன். ஒரு மாதம் என்னோடு பேசவில்லை.

படகுக்கார ஒத்தாலின் துடுப்பில், 'பந்தயத்தில் தோற்றால் உன் வாத்துகள் அத்தனைக்கும் முத்தம் கொடுப்பேன்' என்று எழுதியிருந்தார். தோற்றது ஊருக்கே தெரியும். இருபத்திரண்டு வாத்து. பாதியிலேயே ஒத்தாலுக்குப் பொறுக்கவில்லை. "விட்டுடுங்க அக்கா, எனக்கே இதுங்க மேல இவ்வளவு பாசம் கிடையாது" என்றார். எப்படி விடுவது? கடைசி வாத்து மூக்கைக் கடித்தது, துடுப்பும் அணைந்தது. நான் அங்கேயே உட்கார்ந்து சிரித்தேன். அவர் போன பிறகு சிரித்தது அன்றைக்குத்தான். பிறகு அழுகையும் வந்தது, வாத்துகளோடு உட்கார்ந்து அழுதேன்.

இப்படி முப்பது தீர்ந்தது. மிச்சம் ஒன்று, நம் வாசல் நிலையில், முழ நீள எழுத்தில். என்ன எழுதியிருக்கிறீர்கள் என்று அப்போது கேட்டதற்கு, "நல்லவங்க வீடுன்னு போட்டிருக்கேன்" என்றார். நம்பினேன். நம் வாசல் கதவை ஒன்பது வருடமாகச் சாத்துவதில்லை. காற்று வருகிறது, பனி வருகிறது, ஒத்தாலின் வாத்து வருகிறது. சாத்துங்களேன் என்றால் கீல் துருப்பிடித்துவிட்டது என்பார். தினமும் திட்டுவேன். போன மாதம்தான் எழுத்துக் கூட்டிப் படித்தேன். 'தூமர் வந்து இங்கே மீன்கஞ்சி குடிக்கும்வரை இந்தக் கதவைச் சாத்த மாட்டேன்.'

செத்துப்போன உங்கள் அம்மாவின் பெயரை ஆற்றங்கரையில் கூப்பிட்ட அன்று, "உன் வாக்கு விளக்குக்குத்தான் ஆகும்" என்று எல்லார் முன்னாலும் சொல்லிவிட்டு, கஞ்சியைத் தொடாமல் நீங்கள் போனீர்களே, அன்று சாயங்காலம் எழுதியது. கீலில் எண்ணெய் போட்டுப் பார்த்தேன். துருவே இல்லை.

உங்களைத் தொந்தரவு செய்யக் கூடாது என்று நானும் கம்சியும் ஒரு தந்திரம் செய்தோம். ஒத்தாலை உட்கார வைத்து, தூமர் தூமர் என்று கூப்பிட்டு, கஞ்சி ஊற்றினோம். மூன்று கோப்பை குடித்தார். எழுத்து இன்னும் அதிகமாகத்தான் எரிந்தது. உங்கள் அண்ணன் சிரித்தது மாதிரியே இருந்தது.

அதனால் நீங்களே வர வேண்டும், தம்பி. மன்னிப்பு ஒன்றும் கேட்க வேண்டாம். கஞ்சியை மட்டும் குடியுங்கள், உப்புக் கூட உங்களுடையதுதான். அவர் நிம்மதியாகப் போகட்டும். நானும் கதவைச் சாத்திக்கொள்கிறேன்.

இப்போது வீட்டில் இருக்கும் வெளிச்சம் அந்த ஒரு வரிதான். அதன் கீழே உட்கார்ந்துதான் இதை எழுதுகிறேன். ஆறு உறைய இன்னும் இருபது நாள் இருக்கிறதாம். அவசரப்பட்டு ஓடிவர வேண்டாம். பத்தொன்பதாம் நாள் வந்தால் போதும்.

உங்கள் வலையும் உடம்பும் கிழியாமல் இருக்கட்டும்.

வாசலைத் திறந்துவைத்திருக்கும்
அண்ணி யெலூனி